சேலம் டவுனில் சுவர் பார்க்கும் நடை: முதல்முறை வருபவர்களுக்கு

சென்னை கண்ணகி நகரில் 2020 முதல் குடியிருப்புச் சுவர் முழுக்க ஒரே முகமாக வரைந்திருப்பதைப் பார்த்தவர்கள், அதே கண்ணோடு சேலத்துக்கு வந்தால் அரை மணி நேரத்தில் சலித்துவிடுவார்கள். இங்கே சுவர்க்கலை சிறியது, தெருவுக்குள் ஒளிந்திருப்பது, பெரும்பாலும் யாரோ பிழைப்புக்காகச் செய்தது. கையால் எழுதிய கடைப் பலகை, ஷட்டரில் எழுதிய விளம்பரம், கட்சிக்காரர் பிடித்து வைத்த காம்பவுண்டுச் சுவர், கோவில் மதிலின் காவிப்பட்டை, பள்ளிச் சுவரில் மரம் நடச் சொல்லும் படம், லாரியின் பின்பலகை என்று எல்லாம் கலந்தே கிடக்கும். எதை எப்படிப் பார்ப்பது என்று காட்டிக்கொடுக்க ஆள் வேண்டும். அதனால்தான் தனியாகச் சுற்றாமல், தெரிந்த ஒருவருடன் நடக்கச் சொல்கிறோம்.

யாரோடு நடப்பது

பெரிய நகரங்களைப் போல இதற்கென்று தினமும் கிளம்பும் குழுக்களை இங்கே எதிர்பார்க்க வேண்டாம். ஆளைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். உள்ளூர் வரலாற்றில் ஆர்வம் உள்ளவர்கள், புகைப்படக் குழுவினர், பள்ளி ஓவிய ஆசிரியர்கள் ஆகியோரைக் கேட்டால் ஒருவர் இன்னொருவரைக் கைகாட்டுவார். எங்கள் கணிப்பில் இவர்களையெல்லாம்விடச் சிறந்த வழிகாட்டி, இருபது முப்பது வருடம் போர்டு எழுதிய ஆர்ட்டிஸ்ட்தான். எந்தச் சுவர் யார் கை என்று அவருக்கு எழுத்தைப் பார்த்ததுமே தெரியும். அவரைப் 'பெயின்டர்' என்று கூப்பிடாதீர்கள். வீட்டுக்கு வண்ணம் அடிப்பவர் பெயின்டர், எழுத்தும் படமும் எழுதுபவர் ஆர்ட்டிஸ்ட். இந்த வித்தியாசம் அவர்களுக்குப் பெரிது.

முன்கூட்டியே பேசும்போது மூன்று விஷயங்களைக் கேளுங்கள். கோவில் வரலாறு சொல்லப்போகிறாரா, சுவரைப் பற்றிப் பேசப்போகிறாரா? பலர் சுவர் என்று ஆரம்பித்து ஸ்தல புராணத்தில் போய் நின்றுவிடுவார்கள். அடுத்து, போன ஒரு மாதத்துக்குள் அந்தத் தெருக்களில் நடந்திருக்கிறாரா? சுவர்கள் வாரத்துக்கு வாரம் மாறும். வெள்ளையடித்துவிட்ட சுவரின் முன்னால் நின்று "இங்கேதான் இருந்தது" என்று கேட்டுக்கொண்டிருப்பதில் பயனில்லை. மூன்றாவது பணம். ஆளுக்கு இவ்வளவா, குழுவுக்கு மொத்தமாகவா, ஆட்டோவும் டீயும் அதில் அடக்கமா என்பதை அன்றைக்கே பேசி முடித்துவிடுங்கள். வேலையை விட்டுவிட்டு வரும் ஆர்ட்டிஸ்டுக்கு ஒரு நாள் கூலி போகிறது. அதற்குக் குறையாமல் கொடுப்பதுதான் நியாயம்.

ஆறு பேர், மிஞ்சினால் எட்டுப் பேர் போதும். பத்தைத் தாண்டினால் கடைவீதிச் சத்தத்தில் பின்னால் நிற்பவருக்கு ஒன்றும் கேட்காது, தெருவும் அடைபடும். இரண்டு பக்கமும் வண்டி நிறுத்தியது போக மீதம் இருக்கும் இடத்தில்தான் நீங்கள் நிற்க வேண்டியிருக்கும்.

எந்த மாதம், எந்த நேரம்

நவம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி வரை வசதியான காலம். மார்ச் முதல் மே வரை ஒன்பது மணிக்கே வெயில் தலையில் இறங்கிவிடும். அப்போது வர நேர்ந்தால் ஆறரைக்குத் தொடங்கி ஒன்பதுக்குள் முடித்துவிடுங்கள். மழை பெய்து ஓய்ந்த மறுநாள் காலை கிடைத்தால் விட்டுவிடாதீர்கள். காய்ந்த சுவரில் சாம்பலாகத் தெரியும் பழைய எழுத்து, ஈரத்தில் நிறம் கூடி எழுந்து நிற்கும்.

எந்தக் காலமானாலும் காலை ஆறரை, ஏழுக்குத் தொடங்குவதே நல்லது. கடை திறந்துவிட்டால் ஷட்டர் மேலே சுருண்டு போய்விடும். அதில் எழுதியது ராத்திரிதான் திரும்ப வெளியே வரும். வாசலில் வாளி, குடை, நைட்டி என்று தொங்கவிட்டதும் நெற்றிப் பலகையும் மறைந்துவிடும். இன்னொரு காரணம் வெளிச்சம். காலை வெயில் சாய்வாக விழும்போது சுவரின் மேடுபள்ளம் தெரியும். வெள்ளையடித்து மறைத்த எழுத்தின் விளிம்பு அந்தச் சாய்வு வெளிச்சத்தில் தடிப்பாக எழும், பத்தரை மணி வெயிலில் காணாமல் போகும்.

ஆடி மாதத்தில் வர நினைப்பவர்கள் தெரிந்துகொள்ள வேண்டியது: ஊர் முழுக்க மாரியம்மன் பண்டிகை. குகை, அம்மாபேட்டை பகுதிகளில் வண்டி வேடிக்கை (சாமி வேடம் போட்டவர்கள் அலங்கார வண்டிகளில் வரும் ஊர்வலம்) நடக்கும் நாட்களில் தெருவில் கால் வைக்க இடம் இருக்காது, நின்று சுவர் பார்க்க முடியாது. ஆனால் கோவில்களுக்குப் புது வண்ணம் ஏறியிருக்கும். பண்டிகை முடிந்த அடுத்த வாரம் வந்தால் கூட்டமில்லாமல் அதைப் பார்த்துவிடலாம்.

தேர்தல் சமயத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. தேர்தல் தேதி அறிவித்து நடத்தை விதிகள் அமலுக்கு வந்ததும், அரசுச் சுவர்களில் இருக்கும் கட்சி எழுத்துகளை 24 மணி நேரத்துக்குள்ளும், மற்ற பொது இடங்களில் 48 மணி நேரத்துக்குள்ளும், தனியார் சுவர்களில் விதிமீறி எழுதியவற்றை 72 மணி நேரத்துக்குள்ளும் அழிப்பார்கள். கட்சிச் சுவரெழுத்தைப் பார்க்க வேண்டும் என்றால் அறிவிப்புக்கு முன்பே வந்துவிடுங்கள்.

கையில் என்ன வேண்டும்

அடி தடித்த, மூடிய செருப்பு அல்லது ஷூ. ஒரு லிட்டர் தண்ணீர். தொப்பி. பென்சிலும் சின்ன நோட்டும். பத்து ரூபாய், இருபது ரூபாய் சில்லறை. ஒரு சிறிய டார்ச் இருந்தால் நல்லது. சுவரோடு ஒட்டிப் பக்கவாட்டில் அடித்துப் பார்த்தால் மூடிப்போன எழுத்தும் தெரியும். கேமரா போனே போதும். முக்காலியை வீட்டிலேயே வைத்துவிடுங்கள். அதைக் கண்டாலே 'என்ன சார் சர்வே?' என்று கேள்வி வரும், ஒவ்வொரு கடையிலும் பதில் சொல்லியாக வேண்டும்.

வழி

பழைய பஸ் ஸ்டாண்டில் சந்திப்பது எல்லோருக்கும் சுலபம். ஜங்ஷனிலிருந்து ஐந்தாறு கிலோமீட்டர், புதிய பஸ் ஸ்டாண்டிலிருந்து மூன்று கிலோமீட்டர் அளவு. இரண்டு இடத்திலிருந்தும் டவுன் பஸ் உண்டு. அங்கிருந்து சுகவனேஸ்வரர் கோவில் மதில், கடைவீதிச் சந்துகள், திருமணிமுத்தாற்றை ஒட்டிய கோட்டைப் பகுதி, கடைசியாக செவ்வாய்ப்பேட்டை. சந்து சந்தாக வளைந்து நடந்தால் மூன்று, மூன்றரை கிலோமீட்டர் வரும். நின்று பார்ப்பதற்கும் சேர்த்து இரண்டரை மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள். குகையையும் சேர்த்துக்கொள்ளலாமே என்று தோன்றும். முதல் நடையில் வேண்டாம். இரண்டரை மணி நேரத்துக்கு மேல் கண் எதையும் வாங்காது.

காவிப்பட்டையும் சுண்ணாம்பும்

கோவில் மதிலில் தொடங்குவதற்குக் காரணம் இருக்கிறது. தெருவில் வண்ணம் பூசும் வேலை எல்லாவற்றுக்கும் மூத்தது அதுதான். ஓரடி தள்ளி நின்று வெள்ளைப் பட்டையைப் பாருங்கள். சுண்ணாம்பு என்றால் பளபளப்பே இருக்காது, விரல் வைத்தால் மாவாக ஒட்டும். பளபளத்தால் அது டப்பா பெயின்ட். சுண்ணாம்பு காற்றிலுள்ள கரியமில வாயுவை இழுத்துத் திரும்பக் கல்லாக இறுகுகிறது, சுவருக்குள் இருக்கும் ஈரத்தை வெளியே விடவும் செய்கிறது. காவி என்பது இரும்புத் துரு கலந்த மண். எத்தனை வெயில் அடித்தாலும் வெளுக்காது. அதனால்தான் பட்டைகள் வருடக்கணக்கில் நிற்கின்றன.

இதை மனதில் வைத்துக்கொண்டு அடுத்த தெருவில் ஏதாவது ஒரு புது ஓவியத்தின் அடிப்பாகத்தைப் பாருங்கள். தரையிலிருந்து இரண்டு மூன்று அடி உயரத்துக்கு உப்புப் பூத்து, வண்ணம் கொப்புளமாக எழும்பி உதிர்ந்திருக்கும். பழைய செங்கல் சுவர் தரை ஈரத்தை உறிஞ்சுகிறது. ஈரத்தோடு உப்பும் ஏறுகிறது. மேலே எமல்ஷன் பெயின்ட் ஒரு தோல் மாதிரி மூடிக்கொண்டால் தண்ணீர் மட்டும் ஆவியாகப் போய், உப்பு உள்ளேயே படிகமாகித் தோலைத் தள்ளிவிடும். படம் வரைந்தவர் திறமைசாலியாக இருந்தாலும் இது நடக்கும். சுவரைக் காயவிடாமல், உப்பைத் தேய்த்து எடுக்காமல், பிரைமர் அடிக்காமல் வரையச் சொன்னதுதான் தவறு.

வெளுப்பையும் படிக்கலாம். பழைய சினிமா போஸ்டர் நீலமாக மட்டும் மிஞ்சியிருந்தால், வெயிலில் சிவப்பும் மஞ்சளும் முதலில் போய் நீலமும் கறுப்பும் தங்கிவிட்டன என்று அர்த்தம். சுவரோவியத்தில் உதட்டு நிறம் போய்ப் பின்னணி வானம் மட்டும் புதிதாக இருப்பதற்கும் அதுவே காரணம்.

பலகை எழுத்து: இங்கே நிறைய நேரம் செலவழியுங்கள்

கடைவீதிச் சந்துகளில் மிச்சம் இருக்கும் கைப் பலகைகள்தான் இந்த நடையின் உயிர். 2000-க்குப் பிறகு ஃபிளெக்ஸ் வந்து இந்தத் தொழிலைத் தின்றுவிட்டது. தேடினால்தான் கிடைக்கும். நெற்றிப் பலகையை ஃபிளெக்ஸ் மறைத்த கடைகளில் பக்கவாட்டுத் தூண், உள்சுவர், மாடிப்படி அடி ஆகிய இடங்களைப் பாருங்கள். அங்கே பழைய எழுத்து தப்பியிருக்கும்.

ஒரு நல்ல பலகை கிடைத்ததும், முதலில் படிக்காதீர்கள். ஒரு எழுத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். 'ழ' இருந்தால் மிக நல்லது. பிரஷ் எங்கே தொட்டது, எங்கே திரும்பியது, எங்கே எடுத்தது என்று தேடுங்கள். தொட்ட இடத்தில் எனாமல் தடித்துச் சின்ன மேடாக இருக்கும், எடுத்த இடத்தில் மயிரிழை மாதிரி மெலிந்து போகும். நடுவில் கை தயங்கியிருந்தால் கோட்டின் ஓரத்தில் ஒரு நெளிவு. கீழே இறங்கும் வாலை ஒரே இழுப்பில் முடித்திருந்தால் அது தேர்ந்த கை. இரண்டு இழுப்பில் ஒட்டியிருந்தால் சேரும் இடத்தில் படி தெரியும். நிழல் எழுத்து என்றால் நிழல் எல்லா எழுத்துக்கும் ஒரே பக்கம்தான் விழுகிறதா என்று பாருங்கள். கற்றுக்கொள்ளும் கை ஏதாவது ஒரு கொம்பில் மாற்றிப் போட்டிருக்கும்.

அடுத்து, எழுத்துக்கு மேலும் கீழும் மெல்லிய கோடு இருக்கிறதா என்று தேடுங்கள். சாக்பீஸ் தூள் தடவிய நூலை இரண்டு பக்கமும் இழுத்துப் பிடித்து நடுவில் சுண்டி அடிப்பார்கள். எழுதி முடித்துத் துடைத்தாலும் ஓரங்களில் அந்தத் தூள் மிஞ்சும். தனியாக வேலை செய்தவர் என்றால் நூலின் ஒரு முனையை ஆணியில் கட்டியிருப்பார், ஆணித் துளை இன்னும் இருக்கும். தமிழுக்கு இந்த இரண்டு கோடு போதாது என்பதையும் கவனியுங்கள். 'கி'யின் கொக்கி மேலே ஏறும், 'கு', 'ஞ', 'ழ' எல்லாம் கீழே இறங்கும். மேலே கீழே இடம் விடாமல் தொடங்கியவர் கடைசியில் வாலை மடக்கி ஒடுக்கியிருப்பார்.

வயதைக் கணிக்க மூன்று அடையாளங்கள் உண்டு. 'லை', 'னை', 'ணை', 'ளை' எழுத்துகளில் யானைத் துதிக்கை மாதிரி மேலே சுருள் இருந்தால், 1978-இல் அரசு எழுத்துச் சீர்திருத்தம் கொண்டுவருவதற்கு முந்தைய வழக்கம். ஆனால் அவசரப்பட்டுப் பலகைக்கு அந்த வயதைக் கொடுத்துவிடாதீர்கள். பழைய முறையில் படித்த ஆர்ட்டிஸ்டுகள் அதற்குப் பிறகும் வெகுநாள் துதிக்கை போட்டுத்தான் எழுதினார்கள். ஊர்ப்பெயருக்குப் பக்கத்தில் ஆறு இலக்க பின்கோடு இருந்தால் 1972-க்குப் பிறகு. தொலைபேசி எண் ஆறே இலக்கமாக இருந்தால், முன்னால் 2 சேர்த்து ஏழு இலக்கமாக்கிய 2000-களின் தொடக்கத்துக்கு முன். மூன்றும் ஒத்துப்போனால் தைரியமாகச் சொல்லலாம்.

பலகையில் தமிழ் பெரிதாகவும் ஆங்கிலம் சிறிதாகவும் இருப்பது எழுதியவரின் விருப்பம் மட்டுமில்லை. தமிழுக்கு 5, ஆங்கிலத்துக்கு 3, வேறு மொழிக்கு 2 என்று அரசு விகிதம் வைத்திருக்கிறது. அந்த இடத்துக்குள் அழகாக அடக்குவது ஒரு தனித் திறமை.

கட்சிச் சுவரும் படச் சுவரும்

காம்பவுண்டுச் சுவர் வெள்ளையாக, மூலையில் கட்சிப் பெயரும் ஆண்டும் மட்டும் சிறிதாக எழுதியிருந்தால், அந்தச் சுவரைப் 'பிடித்து' வைத்திருக்கிறார்கள் என்று பொருள். எழுத்து பின்னால் வரும். பொது இடங்களின் அழகைக் கெடுப்பதைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 1959-இலேயே சட்டம் வந்துவிட்டது. 'விளம்பரம் செய்யாதே' என்ற எச்சரிக்கையும் கையால் எழுதியதுதான், அதையும் நின்று பாருங்கள். பல நேரம் தெருவிலேயே நல்ல எழுத்து அதுவாக இருக்கும்.

பெரிய படங்களில் பார்க்க வேண்டியது கட்டம். கையிலிருக்கும் படத்தில் ஓர் அங்குலக் கட்டம், சுவரில் ஓர் அடிக் கட்டம் போட்டால் பன்னிரண்டு மடங்கு பெரிதாகும். முகம், கை போன்ற வெளிர் நிறப் பகுதிகளில் வண்ணம் மெலிதாக இருப்பதால் கட்டக் கோடு அடியில் தெரியும். கண் ஒன்று பெரிது, ஒன்று சிறிது என்று இருந்தால் கட்டத்தை எண்ணியதில் ஒன்று தவறியிருக்கிறது. வேலை மேலிருந்து கீழே நடக்கும், அதனால் வண்ணம் வழிந்த கோடுகள் கீழே மூடப்பட்டிருக்கும். மூடாத வழிசல் தெரிந்தால் அவசரமாக முடித்த வேலை, அல்லது பின்னால் யாரோ திருத்தியது. ஸ்ப்ரே வேலையை விளிம்பில் தெரியும் தூவல் புள்ளிகளால் கண்டுபிடிக்கலாம். டப்பாவைச் சுவருக்கு ரொம்பப் பக்கத்தில் பிடித்த இடத்தில் சொட்டு இறங்கியிருக்கும்.

செவ்வாய்ப்பேட்டையில் மட்டும் கொஞ்சம் அடக்கம்

இங்கே வெள்ளிப் பட்டறைகள் நிறைய. கொலுசு வேலை நடக்கும் வாசல்களுக்குள் கேமராவைத் திருப்பாதீர்கள். உள்ளே பொருள் இருக்கிறது, அவர்கள் பயப்படுவது நியாயம். சுவரை மட்டும் எடுங்கள், எடுத்ததைக் கேட்டால் காட்டுங்கள். லீ பஜார் மொத்தச் சந்தைப் பக்கம் மூட்டை இறக்கும் நேரத்தில் வழியில் நிற்கக் கூடாது. தலைச்சுமையோடு வருபவரால் ஒதுங்க முடியாது, நீங்கள்தான் ஒதுங்க வேண்டும். சரக்கோடு நிற்கும் லாரிகளின் பக்கப் பலகைகளில் தாமரையும் மயிலும் புலியும் பார்க்கலாம். டிரைவர் உள்ளே தூங்கிக்கொண்டிருப்பார், பலகையைத் தட்டிப் பார்க்க வேண்டாம்.

படம் எடுப்பதற்கு முன் கேட்கும் விதம் எல்லா இடத்திலும் ஒன்றே. "அண்ணா, போர்டு நல்லா இருக்குங்க, ஒரு போட்டோ எடுத்துக்கட்டுங்களா?" என்று கேட்டால் மறுப்பவர் குறைவு. கூடவே "யாருங்க எழுதினது?" என்று கேளுங்கள். பலகையின் கீழ் மூலையில் 'ஆர்ட்ஸ்' என்று முடியும் சின்னக் கையெழுத்து இருந்தால் அதையும் எடுத்துவையுங்கள். வாசலில் கோலம் போடும் அக்காவிடம் கேட்காமல் எடுக்கவே எடுக்காதீர்கள், கோலத்தை மிதிக்காமல் சுற்றிப் போங்கள்.

வழக்கமாகத் தவறுவது

முழுச் சுவரும் படத்தில் வர வேண்டும் என்று பின்னால் பார்க்காமல் பின்வாங்குவதுதான் முதல் ஆபத்து. பின்னால் திறந்த சாக்கடையோ, சத்தமில்லாமல் வரும் எலக்ட்ரிக் ஸ்கூட்டரோ இருக்கும். ஒருவர் படம் எடுக்கும்போது இன்னொருவர் அவர் முதுகுக்குக் காவல் நிற்க வேண்டும். குழுவில் இதை முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

உதிரும் வண்ணத்தை நகத்தால் சுரண்டாதீர்கள். அடியில் என்ன இருக்கிறது என்ற ஆசை எல்லோருக்கும் வரும். ஒரு செதில் போனால் ஒரு எழுத்து போகும், திரும்ப வராது. தெளிவாகத் தெரிய வேண்டும் என்று சுண்ணாம்புச் சுவரில் தண்ணீர் தெளிப்பதும் கூடாது. வழிகாட்டியே தெளித்தாலும் தடுத்துவிடுங்கள்.

வெறும் வயிற்றோடு வருவது இன்னொரு தவறு. எட்டரைக்குத் தலை சுற்றும். நடுவில் ஒரு டீக்கடையில் பத்து நிமிடம் உட்காருவதை நடையின் பகுதியாகவே வைத்துக்கொள்ளுங்கள். சேலத்தின் தட்டுவடை செட்டுக்கு ஆசைப்படுபவர்கள் சாயங்காலம் தனியாக வர வேண்டும். காலையில் அந்தக் கடைகள் இருக்காது.

கடைசியாக ஒரு பலகை

நடை முடிந்ததும் வாழ்த்திவிட்டுப் போவதைவிட, உங்கள் வீட்டுக்கு ஒரு பெயர்ப் பலகை எழுதச் சொல்லுங்கள். ஒன்றரை அடிக்கு ஓரடித் தகரம் போதும். பெயரைச் சொல்லாமல் தாளில் எழுதிக் கொடுங்கள், 'ன'வா 'ண'வா என்ற சந்தேகமே வராது. எழுத்து நிறம், அடி நிறம், நிழல் வேண்டுமா என்று மூன்றும் முடிவாகட்டும், முன்பணம் பாதி கொடுத்துவிடுங்கள். அடி வண்ணம் காய ஒரு நாள், எழுத்து காய ஒரு நாள். ஆகவே ஊருக்குக் கிளம்பும் நாளுக்கு இரண்டு நாள் முன்பாவது சொல்லியிருக்க வேண்டும். அவசரப்படுத்தினால் மேலே காய்ந்து உள்ளே பச்சையாகவே இருக்கும். வாங்கியதும் செய்தித்தாளில் சுற்றாதீர்கள், மை ஒட்டிக்கொள்ளும். எழுத்துப் பக்கம் எதிலும் படாமல் நான்கு மூலையிலும் தெர்மோகோல் துண்டு வைத்து, அட்டை மூடி, நூல் கட்டித் தரச் சொல்லுங்கள். பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு போவதே பத்திரம்.